டிவி கிரிக்கெட் வர்ணனை: மலையில இருந்து அந்த பாக்ஸுக்குப் போக வழி என்ன?

#1 | கோத்தகிரி லாங்ஆன்

எல்லாருக்கும் வணக்கம்ங்க. நம்ம கோத்தகிரி பக்கம் காந்தி மைதானத்துல ஆரம்பிச்சு ஹட்டி (படகர் ஊர்) மைதானங்கள் வரைக்கும் டென்னிஸ் பால் போட்டிக்குப் பஞ்சமே இல்லை. மைக் பிடிக்கிற பசங்க சில பேர் தமிழும் படகர் மொழியும் கலந்து பிரமாதமா பேசுறாங்க. இதையே டிவியில பண்ண முடியுமான்னு கேட்கிறாங்க. யாரும் மாவட்ட அணிக்கு மேல ஆடினது கிடையாது.

விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க. டிவி பாக்ஸுக்குள்ள, அதாவது வர்ணனையாளர்கள் உட்கார்ந்து பேசுற அறைக்குள்ள, உண்மையில என்ன வேலை? ஆடாதவங்களுக்கு அங்க இடம் உண்டா? மலையில இருந்தபடியே எதைப் பழகலாம்? இதை நம்பிக் குடும்பம் நடத்த முடியுமா? "ஆர்வம் இருந்தா போதும்" மாதிரி பதில் மட்டும் வேண்டாம்.

#2 | பாக்ஸ் நம்பர் 2

ஆர்வத்தை ஓரமா வெச்சிட்டு வினாடிக் கணக்குல இருந்து ஆரம்பிப்போம்.

டி20 போட்டியில 20 ஓவரை 85 நிமிஷத்துல முடிக்கணும். ஓவருக்கு நாலேகால் நிமிஷம். ஓவர் மாறுற நேரத்தைக் கழிச்சா பந்துக்குச் சுமார் 35 வினாடி. அந்த 35 வினாடியை ரெண்டு பேர் பங்கு போட்டுக்கணும். பந்துவீச்சாளர் ஓடத் தொடங்கினதுல இருந்து பந்து டெட் ஆகும் (அந்தப் பந்தோட ஆட்டம் முடியும்) வரைக்கும் மைக், பந்துக்குப் பந்து சொல்ற லீட் வர்ணனையாளருடையது. ரீப்ளே வந்ததும் பக்கத்துல இருக்கிற நிபுணர் எடுத்துக்குவார். பந்துவீச்சாளர் ஓட்டம் தொடங்குற தன் மார்க்குக்குப் போய்த் திரும்பிட்டார்னா நிபுணர் நிறுத்தியாகணும், வாக்கியம் அரைகுறையா நின்னாலும் சரி. வேகப்பந்துன்னா நிபுணருக்கு ரெண்டு மூணு வரி பேச இடம் இருக்கும். சுழற்பந்து வீச்சாளர் நாலு அடி நடந்து அடுத்த பந்தைப் போட்டுடுவார், அப்ப ஒரே வரிதான். புதுசா வர்றவங்க மாட்டிக்கிறது இங்கதான். வேகப்பந்துக்குப் பேசுற நீளத்திலேயே சுழலுக்கும் பேசுவாங்க, பேச்சு முடியறதுக்குள்ள விக்கெட் விழுந்திருக்கும்.

இதுக்கு நடுவுல காதுல இயக்குநர் குரல் ஓடிக்கிட்டே இருக்கும். "அடுத்து பக்கவாட்டு ரீப்ளே", "வேகன் வீல் (ரன் எந்தப் பக்கம் போச்சுன்னு காட்டுற படம்) வருது", "பிரேக்குக்குப் பத்து, ஒன்பது, எட்டு..." இதைக் கேட்டுக்கிட்டே, கேட்கிற மாதிரி காட்டிக்காம, தன் வாக்கியத்தை முடிக்கணும். வீட்டிலேயே பழகலாம். ஒரு காதுல வானொலிச் செய்தியை ஓடவிட்டு, டிவியை மியூட் பண்ணி மேட்ச் சொல்லுங்க. பத்து ஓவர் முடிஞ்சதும் செய்தியில என்ன வந்ததுன்னு எழுதிப் பாருங்க. முதல் வாரம் செய்தியும் மனசுல நிக்காது, வர்ணனையும் ஒழுங்கா வராது.

ஓவர் கடைசிப் பந்துக்கு அப்புறம் ஸ்கோர் ஒரு வரி. அதோட நிறுத்தணும். அதுக்கு மேல பேசினா விளம்பரம் நடுவுல வெட்டிடும். வீட்டுல பார்க்கிறவருக்கு வர்ணனையாளர் உளறின மாதிரிதான் கேட்கும். ஒருத்தரே மேட்ச் முழுக்கப் பேச மாட்டார். சுமார் அரை மணிக்கு ஒரு தடவை ஆள் மாறுவாங்க, சுவத்துல பட்டியல் ஒட்டியிருக்கும். அடுத்து வர்றவர் அஞ்சு நிமிஷம் முன்னாடியே பின்னால வந்து நின்னு, இவங்க எதைப் பேசி முடிச்சிருக்காங்கன்னு கேட்டுக்கணும். இல்லைன்னா அதே புள்ளிவிவரத்தை அரை மணிக்குள்ள ரெண்டாவது தடவை சொல்லுவார்.

பந்துக்குத்தான் முதல் மரியாதை, மத்ததெல்லாம் அப்புறம். 2005 ஓவல் டெஸ்டுல, ஆஸ்திரேலிய முன்னாள் கேப்டனும் வர்ணனையாளருமான ரிச்சி பெனோ இங்கிலாந்து டிவியில கடைசியாப் பேசினார். விடைபெற்றுப் பேசிக்கிட்டிருக்கும்போதே மெக்ராத் பந்துல 158 அடிச்ச பீட்டர்சன் போல்ட் ஆனார். மனுஷன் தன் பிரியாவிடையை அப்படியே விட்டுட்டு விக்கெட்டைச் சொல்லிட்டுத்தான் திரும்பி வந்தார்.

#3 | மஞ்சூர் மிட்விக்கெட்

அப்ப நம்ம பசங்களோட மைதான மைக் அனுபவம் எதுக்கும் ஆகாதா?

#4 | குன்னூர் ஆடியோ

டிவிக்கு அது கெடுதல்னே சொல்லுவேன். காரணம் ஒலி.

நம்ம மைதானங்கள் பாதி, பள்ளத்தைப் பார்த்த மாதிரி இருக்கும். ஹார்ன் ஸ்பீக்கர்ல இருந்து போற சத்தம் வினாடிக்குச் சுமார் 340 மீட்டர் ஓடும். எதிர்ச் சரிவு 340 மீட்டர் தள்ளி இருந்தா நீங்க சொன்ன வார்த்தை ரெண்டு வினாடி கழிச்சு உங்ககிட்டயே திரும்பி வரும். அதைச் சமாளிக்க மைக் பிடிக்கிறவர் தன்னை அறியாம வார்த்தையை இழுப்பார், ஒரே சொல்லை மூணு தடவை சொல்லுவார். "சிக்ஸர் சிக்ஸர் சிக்ஸர்" பழக்கம் அங்க இருந்துதான் வருது. மைதானத்துக்கு அது சரி, கடைசி வரிசைக்காரருக்கு ஒரு தடவையாவது காதுல விழணும். டிவியில மைக் வாய்ல இருந்து ரெண்டு விரல் தூரம்தான். அதுல கத்தினா ஒலி உடையும், மிக்ஸர்ல இருக்கிறவர் லெவலை இறக்குவார், அப்புறம் சாதாரணமாப் பேசினா யாருக்கும் கேட்காது.

இன்னொண்ணு. நம்ம ஆளுங்க தன் குரலைத் தான் கேட்கிறதே இல்லை, ஸ்பீக்கர்ல வர்றதைத்தான் கேட்கிறாங்க. ஹெட்செட் மாட்டினதும் தன் குரல் காதுக்குள்ளயே கேட்கும், பயந்து தொண்டையை அழுத்துவாங்க. ஹெட்செட் போட்டுக் குறைஞ்சது ஒரு மாசமாவது பழகாம எந்த ஆடிஷனுக்கும் போகாதீங்க.

#5 | அம்பயர் 2240

ஆடியோ அண்ணன் சொன்ன ஒலிக் கணக்கு சரி. ஆனால் "கெடுதல்" என்பதை ஒப்புக்கொள்ள முடியாது. மானிட்டர் இல்லாமல், ரீப்ளே இல்லாமல், முதுகில் எண்கூட இல்லாத சட்டையைப் போட்ட 22 பேரை அடையாளம் கண்டு சொல்வது சாதாரண வேலை அல்ல. டிவியில் ஹெல்மெட் போட்ட பேட்டரை மாற்றிச் சொல்லும் பிழை பெரிய ஆட்களுக்கே நேர்கிறது. நடை, ஸ்டம்புக்கு முன் தான் நிற்கும் இடத்தைக் குறித்துக்கொள்ளும் விதம், பேட் பிடிப்பு ஆகியவற்றை வைத்து ஆளைச் சொல்லும் பழக்கம் நம் மைதானங்களில்தான் வரும். மூடுபனி இறங்கி ஆட்டம் அரை மணி நேரம் நிற்கும்போது கூட்டத்தைக் கலையாமல் வைத்திருப்பதும் அப்படியே. டிவியில் மழை நேரத்துக்கு வேண்டியதும் அந்தத் திறமைதான்.

நம்மவர்கள் கண்டிப்பாகத் திருத்திக்கொள்ள வேண்டியது திசை. டிவி கேமரா எப்போதும் பந்துவீச்சாளரின் முதுகுக்குப் பின்னால் இருந்து காட்டும். ஓவர் மாறினால் எதிர்முனைக் கேமராவுக்கு மாறிவிடுவார்கள். அதனால் திரையில் வலது கை பேட்டரின் ஆஃப் சைடு எப்போதும் இடப்பக்கம்தான். ஒரே மேடையில் உட்கார்ந்து பார்ப்பவருக்கு அப்படி இல்லை. ஒரு ஓவர் பந்துவீச்சாளருக்குப் பின்னால் இருந்து தெரியும், அடுத்த ஓவர் கீப்பருக்குப் பின்னால் இருந்து தெரியும். ஆஃப் சைடு ஒவ்வொரு ஓவருக்கும் இடம் மாறும். இடது கை பேட்டர் வந்தால் மறுபடியும் தலைகீழ். ஒரு வலது, ஒரு இடது என ஜோடி ஆடும்போது ஒரு ரன் ஓடினாலே எல்லாம் புரண்டுவிடும்.

பழகும் முறை இது. வெள்ளைத் தாளில் வட்டம் போட்டு, நடுவில் பிட்ச் வரைந்து, வலது கைக்கான களநிலைகளை எழுதுங்கள். அதையே கண்ணாடியில் பிடித்துப் பாருங்கள், இடது கைக்கான படம் கிடைக்கும். இரண்டையும் தனித்தனித் தாளாக மேசையில் ஒட்டி, ஒவ்வொரு பந்துக்கும் முன் கண் அதில் ஒரு தடவை படட்டும்.

விதிகளில் எல்பிடபிள்யூ ரிவ்யூவை உறக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்ல வேண்டும். பந்து லெக் ஸ்டம்புக்கு வெளியே பிட்ச் ஆனால் அவுட் இல்லை, அங்கேயே கதை முடிந்தது. ஸ்டம்பில் பந்தின் பாதிக்கும் குறைவாகப் படுகிறது என்று காட்டினால் கள நடுவர் சொன்னதே நிற்கும். ரிவ்யூ கேட்க 15 வினாடி. மூன்றாவது நடுவர் பேசும்போது பாக்ஸ் மௌனமாக இருக்க வேண்டும், அவர் குரல் நேரடியாக ஒலிபரப்பாகிறது. அதன் மேல் "எட்ஜ் இருக்கு, எட்ஜ் இருக்கு" என்று கத்துவது பாக்ஸில் செய்யவே கூடாத காரியம். நடுவர் விரலைத் தூக்கும் முன் "அவுட்" என்று சொல்வதும் அப்படித்தான். "பலமான அப்பீல்" என்று சொல்லி நிறுத்தினால் போதும்.

#6 | பெருமாள்மலை நேயர்

டிவியையே பார்த்துட்டு இருக்கீங்க, வானொலியை மறந்துட்டீங்களே. தமிழ் கிரிக்கெட் வர்ணனைக்கு அஸ்திவாரம் போட்டதே அகில இந்திய வானொலி. அப்துல் ஜப்பார், கூத்தபிரான், ராமமூர்த்தி மாதிரி குரல்கள். படம் இல்லாம, பந்து எங்க போச்சு, யார் ஓடுறாங்க, கூட்டம் ஏன் எழுந்துச்சு, எல்லாத்தையும் சொல்லால கட்டினவங்க. ஸ்கோரை அடிக்கடி சொல்லணும்ங்கிற ஒழுக்கமும் வானொலியில இருந்து வந்ததுதான், நடுவுல டிரான்சிஸ்டரைத் திருப்பினவருக்கு எப்படித் தெரியும்?

மலைவாசிகளுக்கு இது கையெட்டும் தூரம். கொடைக்கானல் பண்பலை 100.5 இருக்கு, உதகையிலயும் நிலையம் இருக்கு. தற்காலிக அறிவிப்பாளருக்கு எப்பவாவது அறிவிப்பு வரும். எழுத்துத் தேர்வு, குரல் தேர்வு, தேர்வானா வானொலியே தர்ற "வாணி" குரல் பயிற்சி. அங்க கிரிக்கெட் பேச வாய்ப்பு வருமோ வராதோ, ழகரம் சுத்தமாகும், சிவப்பு விளக்கு எரிஞ்சதும் நாக்கு ஒட்டிக்கிற பயம் போகும், தாளைப் புரட்டுற சத்தம் மைக்ல விழாம பேசக் கத்துக்குவாங்க. ஆங்கில வர்ணனையாளர் ஹர்ஷா போக்ளே 19 வயசுல ஹைதராபாத் வானொலியிலதான் தொடங்கினார். இந்தியா அங்க போய் ஆடின 1991-92 தொடருக்கு ஆஸ்திரேலிய வானொலிக்காரங்க கூப்பிட்டாங்க. டெஸ்ட் ஆடாதவர், ரஞ்சியும் ஆடாதவர்.

#7 | மஞ்சூர் மிட்விக்கெட்

ஒரு போக்ளேவை வெச்சுக் கணக்குப் போடாதீங்க அண்ணா. தமிழ்ச் சேனலைப் போட்டா ஸ்ரீகாந்த், பத்ரிநாத், பாலாஜி, ஹேமங் பதானி, சடகோபன் ரமேஷ், அபினவ் முகுந்த். எல்லாம் இந்தியாவுக்கு ஆடினவங்க. தினேஷ் கார்த்திக் இன்னும் ஆடிக்கிட்டிருந்தப்பவே 2021ல இங்கிலாந்துல பாக்ஸுக்குப் போயிட்டார். கதவு அவங்களுக்குத்தான் திறந்திருக்கு.

#8 | பாக்ஸ் நம்பர் 2

நிபுணர் நாற்காலிக்கு நீங்க சொல்றது நூத்துக்கு நூறு உண்மை. அங்க நம்ம பசங்க போட்டி போடவே கூடாது. லீட் நாற்காலி வேற. ஒரு ஜோடிக்கு ஒருத்தராவது ஸ்கோர், பிரேக், கிராஃபிக்ஸ், விளம்பர வாசகம் எல்லாத்தையும் தடுமாறாம கொண்டுபோகணும். முன்னாள் வீரர்கள் எல்லாருக்கும் அது வராது. பெனோ கேப்டன் ஆகறதுக்கு முன்னாடியே, 1956 இங்கிலாந்து சுற்றுப்பயணம் முடிஞ்சதும் லண்டன்லயே தங்கி பிபிசியில டிவி பயிற்சி எடுத்தார். 63 டெஸ்ட், 248 விக்கெட் எடுத்தவரே பயிற்சிக்கு உட்கார்ந்திருக்கார்.

தமிழுக்கு நாற்காலி கூடினது சமீபத்துலதான். 2017ல ஸ்டார் ஸ்போர்ட்ஸ் தமிழ் வந்துச்சு. 2023ல ஐபிஎல் ஒளிபரப்பு உரிமம் டிவிக்குத் தனி, டிஜிட்டலுக்குத் தனின்னு பிரிஞ்சு, டிஜிட்டல்ல ஜியோசினிமா 12 மொழியில காட்டுச்சு. மொழிக்கு ஒரு குழு, குழுவுக்கு லீட், தொகுப்பாளர், புள்ளிவிவரக்காரர். அப்புறம் ஸ்டாரும் ஜியோவும் இணைஞ்சிடுச்சு, அதையும் மனசுல வெச்சுக்கணும். கூடின நாற்காலி குறையவும் செய்யும்.

இந்த மொழிக் குழுக்கள் பெரும்பாலும் மைதானத்துக்கே போகிறதில்லை. ஸ்டூடியோவுல திரையைப் பார்த்துப் பேசுறாங்க. மைதானச் சத்தமும் ஸ்டம்ப் மைக்கும் மட்டும் தனியா வரும், அதுமேல தமிழ்க் குரல். இதுல ஒரு பெரிய சிக்கல், இயக்குநர் காட்டுறதைத் தவிர வேற எதுவும் தெரியாது. டீப் மிட்விக்கெட்டை எடுத்து லாங் ஆனுக்கு மாத்தினாங்களா, கேப்டன் யார்கிட்ட பேசறார், ஒண்ணும் தெரியாது. அதனால ஓவர் தொடக்கத்துல ஒரு அகலமான காட்சி வரும் பாருங்க, அந்த மூணு வினாடியில களத்தடுப்பை எண்ணி எழுதிக்கணும். மைதானத்துல உட்கார்ந்து பழகினவங்க ஸ்டூடியோவுக்கு வந்தா தடுமாறுறது இதுலதான்.

உள்ளே போக நடைமுறை வழின்னு கேட்டா, நேரா மைக்கைக் கேட்காதீங்க. மாநிலச் சங்கம் நடத்துற ஸ்கோரர் தேர்வோ அம்பயர் தேர்வோ எழுதி வெச்சுக்கோங்க. தயாரிப்புக் குழுவுக்கு ஸ்கோர் உள்ளிட, கிராஃபிக்ஸ் பார்க்க, பாக்ஸ்ல புள்ளிவிவரம் எடுத்துக் கொடுக்க ஆள் வேணும். 2016ல தொடங்கின டிஎன்பிஎல் (தமிழ்நாடு பிரீமியர் லீக்) போட்டியில நத்தம் என்.பி.ஆர். கல்லூரி மைதானத்துலயும், கோவை எஸ்.என்.ஆர். கல்லூரி மைதானத்துலயும் ஆட்டங்கள் நடந்திருக்கு. கொடைக்கானல்காரங்களுக்கு நத்தம் சொந்த மாவட்டம். நீலகிரிக்காரங்களுக்கு கோவை, மேட்டுப்பாளையம் இறங்கினா அப்புறம் சமவெளிதான். பாக்ஸுக்குள்ள பேனாவோட உட்கார்ந்தவங்களை இயக்குநருக்குப் பேர் சொல்லித் தெரியும். பயிற்சி ஆட்டத்துக்கு ஆள் குறையும்போது அந்தப் பேர்தான் முதல்ல ஞாபகம் வரும்.

மாதிரி ஒலிப்பதிவு மூணு, நாலு நிமிஷத்துக்கு மேல வேண்டாம். ஒரு விக்கெட், ஒரு பவுண்டரி, ஒண்ணுமே நடக்காத ஒரு ஓவர், பிரேக்குக்கு ஒப்படைக்கிற ஒரு வரி. கேட்கிறவங்க அந்த ஒண்ணுமே நடக்காத ஓவரைத்தான் முதல்ல கேட்பாங்க. சிக்ஸருக்கு யார் வேணும்னாலும் கத்திடலாம். ஐபிஎல் காட்சிமேல உங்க குரலை ஏத்தி யூடியூப்ல போட்டா உரிமக்காரர் நீக்கிடுவார், சேனலுக்கும் எச்சரிக்கை வரும். ஒலியை மட்டும் அனுப்புங்க, இல்லைன்னா நம்ம ஊர் மேட்ச்சை நீங்களே படம்பிடிச்சு அதுமேல பேசுங்க.

#9 | கோத்தகிரி லாங்ஆன்

நம்ம ஊர் மேட்ச்சை யூடியூப்ல நேரலையா விட்டுப் பழகலாம்னு பசங்க சொல்றாங்க. என்னென்ன வேணும் ஆடியோ அண்ணா? செலவு அதிகம் தாங்காது.

#10 | குன்னூர் ஆடியோ

படத்துக்கு 720பி போதும், 1080க்கு ஆசைப்படாதீங்க. அப்லோடு வேகம் நிலையா வினாடிக்கு 4 மெகாபிட் (எம்பிபிஎஸ்) வேணும். "நிலையா"ங்கிறதுதான் முக்கியம். ஒரு தடவை சோதிச்சு 20 காட்டினா நம்பிடாதீங்க. ஞாயிறு மதியம் கூட்டம் சேர்ந்ததும் எல்லார் கைப்பேசியும் ஒரே டவர்ல தொங்கும். போன ஞாயிறு அதே நேரத்துல, அதே மேடையில நின்னு பார்த்த அளவுதான் நிஜம். ரெண்டு வேற நிறுவன சிம் கையில இருக்கட்டும்.

மைக் டைனமிக் வகையாவே இருக்கட்டும், ஹெட்செட்டோட வந்தா இன்னும் நல்லது. கண்டன்ஸர் மைக் ஸ்டூடியோவுக்கு ராஜா, நம்ம மைதானத்துக்கு ஆகாது. காத்து, ஜெனரேட்டர், ஹார்ன் ஸ்பீக்கர், பக்கத்து டீக்கடை எல்லாத்தையும் வாரிக்கிட்டு வரும். பனி இறங்கினா அதோட தகட்டுல ஈரம் பட்டு நெருப்புல உப்புப் போட்ட மாதிரி படபடக்கும். ஸ்பாஞ்ச் உறை கட்டாயம். மைக்கை உதட்டுக்கு நேரா வைக்காம வாயோட ஓரத்துல வைங்க, "ப", "ம்ப" வரும்போது காத்து அடிக்காது. குளிர்ல இருந்து சூடான அறைக்குள்ள கொண்டுபோனதும் பையைத் திறக்காதீங்க. அரை மணி நேரம் மூடியே கிடக்கட்டும், இல்லைன்னா லென்ஸ்லயும் மைக்லயும் வியர்த்துடும்.

ரெண்டு உள்ளீடு இருக்கிற சின்ன ஆடியோ இன்டர்ஃபேஸ் (மைக்கைக் கணினியோட இணைக்கிற பெட்டி) ஒண்ணு. ஒரு வழியில குரல், இன்னொரு வழியில மைதானச் சத்தத்துக்குத் தனி மைக். அதை ஸ்பீக்கர் இல்லாத பக்கமா எல்லைக்கோட்டுல வைங்க. குரல் உச்சம் மைனஸ் 12 டெசிபலுக்கும் மைனஸ் 6 டெசிபலுக்கும் நடுவுல ஆடணும். மைதானச் சத்தம் அதைவிட 12 முதல் 15 டெசிபல் கீழே. சத்தமே இல்லாம குரல் மட்டும் போனா குளியலறையில பேசுற மாதிரி இருக்கும்.

எல்லாரும் கோட்டை விடுற இடம் ஒண்ணு இருக்கு. கேமரா படம் கேப்சர் கார்டு (கேமராவைக் கணினியோட இணைக்கிற கருவி) வழியா வர 100, 200 மில்லி வினாடி தாமதமாகும். குரல் உடனே போயிடும். பேட்ல படறதுக்கு முன்னாடியே வர்ணனையாளர் "அடிச்சார்"னு சொல்ற மாதிரி தெரியும். கேமரா முன்னாடி கை தட்டிப் பதிவு பண்ணுங்க. எவ்வளவு முன்னாடி சத்தம் கேட்குதோ அந்த அளவை நேரலை விடுற ஓபிஎஸ் மென்பொருள்ல ஒலித் தாமதமாப் போடுங்க. அப்புறம் தயவுசெஞ்சு யூடியூப்பைப் பார்த்துக்கிட்டு வர்ணனை சொல்லாதீங்க, அது பத்து முப்பது வினாடி பின்னாடி ஓடுது.

ஸ்கோர் பட்டைக்கு கிரிக்ஹீரோஸ் மாதிரி செயலி போதும். ஸ்கோர் போடுறவர் வேற, பேசுறவர் வேற. ரெண்டையும் ஒரே ஆள் பார்த்தா ரெண்டும் கெடும்.

#11 | பெருமாள்மலை நேயர்

தொண்டையைப் பத்தி யாரும் பேசலையே. குளிர்காத்தை வாயால இழுத்துக் கத்தினா சீக்கிரம் வறளும். அறை வெப்பத்துல இருக்கிற தண்ணியை மடக்கு மடக்கா, தாகம் எடுக்கறதுக்கு முன்னாடியே. தொடங்கறதுக்கு முன்ன அஞ்சு நிமிஷம் உதடு மூடி முனகல், அப்புறம் ல, ள, ழ, ர, ற வரிசை. குரல் கம்மினா கிசுகிசுன்னு பேசுறதும் தப்பு, அதுவும் குரல் நாணுக்குச் சுமைதான். வாயை மூடிட்டு இருக்கணும். மூணு வாரத்துக்கு மேல கம்மல் போகலைன்னா தொண்டை மருத்துவர்கிட்ட காட்டிடணும்.

#12 | கணக்கு நோட்டு

இதை நம்பிக் குடும்பம் நடத்த முடியுமா என்ற நாலாவது கேள்விக்கு வருகிறேன். நிரந்தர வேலை என்று நினைத்து இதற்குள் வரக்கூடாது. பெரும்பாலானோர் தொடருக்குத் தொடர், ஆட்ட நாளுக்கு இவ்வளவு என்ற ஒப்பந்தம். ஐபிஎல் மார்ச் கடைசியில் தொடங்கினால் மே கடைசி வரை, பிறகு டிஎன்பிஎல், அதன் பிறகு தமிழுக்கு வேலை மெலிந்துவிடும். மீதி மாதங்களுக்கு விளம்பரக் குரல், நிகழ்ச்சித் தொகுப்பு, ஆசிரியப் பணி என்று வேறு வரும்படி இருந்தாக வேண்டும்.

வரி: வர்ணனையாளர் கட்டணத்தை 1961 வருமான வரிச் சட்டத்தின் 194ஜே பிரிவில் சேர்த்து 2008-லேயே அறிவிப்பு வந்துவிட்டது. சம்பளமாக அல்ல, தொழில்முறைக் கட்டணமாக 10 சதவீதம் பிடிப்பார்கள். அது செலவாகிப் போன பணம் அல்ல, கணக்குத் தாக்கல் செய்தால் உங்கள் வரியில் கழியும். தாக்கல் செய்யாமல் விட்டுவிட்டு "பத்துச் சதவீதம் போச்சு" என்று புலம்புபவர்கள்தான் அதிகம். சேவை வருமானம் ஆண்டுக்கு 20 லட்சத்தைத் தாண்டினால் ஜிஎஸ்டி பதிவு, 18 சதவீதம்.

சிறு தொழில்களுக்கான அரசின் உத்யம் பதிவு செய்து வைத்துக்கொள்ளுங்கள், இலவசம். குறுந்தொழிலாகப் பதிவானவருக்கு வாங்குபவர் அதிகபட்சம் 45 நாளில் பணம் தர வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. ஒப்பந்தத்தில் கையெழுத்துக்கு முன் கேட்க வேண்டியவை: மழையால் ஆட்டம் நடக்காவிட்டால் முழுப் பணமா, பயணமும் தங்குமிடமும் யார் செலவு, அந்தத் தொடர் முடியும் வரை வேறு சேனலில், சொந்த யூடியூப்பில் பேசத் தடை உண்டா. கடைசியில் சொன்னதைப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டால் சொந்த சேனலை மூடி வைக்க நேரிடும். புதுப்பிக்க வேண்டும் என்ற கட்டாயம் எவருக்கும் இல்லை. 2016 ஐபிஎல் தொடங்க இருந்த நேரத்தில் போக்ளேவின் பெயரே குழுவில் இல்லாமல் போனது.

உள்ளூர் நேரலைக்கு விளம்பரம் பிடிப்பவர்கள் பந்தயச் செயலி வாசகத்தைப் படிக்கச் சொன்னால் படிக்காதீர்கள். 2025 ஆகஸ்டில் வந்த சட்டப்படி பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுக்கும் அதன் விளம்பரத்துக்கும் தடை. விளம்பரத்துக்குக் குரல் கொடுத்தவரும் சட்டத்தில் மாட்டிக்கொள்வார்.

#13 | கோத்தகிரி லாங்ஆன்

ரொம்ப நன்றிங்க எல்லாருக்கும். ஒரு பையன் பதிவை எழுத்துல போடறேன், கை வையுங்க. கடைசி ஓவர், நாலு பந்துல எட்டு வேணும், ரெண்டு விக்கெட் கையில.

"ஓடி வர்றார்... ஓடி வர்றார்... பந்தை வீசுறார்... அடிச்சார்! அற்புதமான ஷாட்! பார்த்தீங்கன்னா பந்து மேல போகுது மேல போகுது, சிக்ஸர்! இல்லை இல்லை, கேட்ச்! லாங் ஆன்ல அருமையான கேட்ச்! பார்த்தீங்கன்னா இது வந்து ரொம்ப முக்கியமான விக்கெட்னு சொல்லலாம், ஆனா ரெண்டு பேரும் கிராஸ் பண்ணிட்டாங்க, அதனால வந்து செட்டான பேட்டர் இப்ப ஸ்ட்ரைக்குக்கு வந்துட்டார், மேட்ச் இன்னும் முடியலைன்னு சொல்லலாம்!"

#14 | பாக்ஸ் நம்பர் 2

குரல்ல உயிர் இருக்குன்னு எழுத்துலயே தெரியுது தம்பிக்கு. இப்ப கத்தரிப்போம்.

"ஓடி வர்றார்" ரெண்டு தடவையும் "வீசுறார்"ரும் போகட்டும், படத்துல தெரியுது. அந்த நாலு வினாடிதான் நிலைமையைச் சொல்ல இடம்: "நாலு பந்து, எட்டு ரன்." பேசி முடிச்சிட்டு பந்து கையை விடும்போது அமைதி. 140 கிலோமீட்டர் வேகம்னா பந்து பேட்டருக்கு வர அரை வினாடிகூட ஆகாது, அதுக்குள்ள சொல்ல ஒண்ணுமில்லை.

உயரமா அடிச்ச பந்து நாலைஞ்சு வினாடி காத்துல இருக்கும். பார்க்கிறவர் கண்ணு பந்து மேல, வர்ணனையாளர் கண்ணு ஃபீல்டர் மேல இருக்கணும். லாங் ஆன் பின்னாடி ஓடுறாரா, நின்னுட்டாரா? நின்னுட்டார்னா பந்து உள்ளே விழும். அதைப் பார்க்காம பந்தைப் பார்த்ததாலதான் "சிக்ஸர், இல்லை இல்லை" வந்துச்சு. "தூக்கி அடிக்கிறார்... லாங் ஆன் அடியில நிக்கிறார்..." ரெண்டு வினாடி மூச்சு. "பிடிச்சிட்டார்." அவ்வளவுதான். அப்புறம் கூட்டம் பேசட்டும், ஆறேழு வினாடி வாயே திறக்கக் கூடாது. அதுக்கப்புறம் ஸ்கோர்: "மூணு பந்து, எட்டு ரன், ஒரே விக்கெட்." "முக்கியமான விக்கெட்னு சொல்லலாம்"னு சொல்லவே வேண்டாம், கணக்கே சொல்லிடுச்சு.

"பார்த்தீங்கன்னா" ரெண்டு, "வந்து" ரெண்டு, "சொல்லலாம்" ரெண்டு. அரை நிமிஷத்துல ஆறு. பதிவை ரெண்டு நாள் கழிச்சுக் கேட்டு ஒவ்வொண்ணுக்கும் ஒரு கோடு போடச் சொல்லுங்க. உடனே கேட்டா காதுல விழாது.

#15 | அம்பயர் 2240

எல்லாவற்றையும் விடப் பெரிய பிழையை விட்டுவிட்டீர்கள். 2022 அக்டோபர் முதல், கேட்ச் பிடித்து அவுட் ஆனால் பேட்டர்கள் குறுக்கே கடந்திருந்தாலும் புதிதாக வருபவர்தான் ஸ்ட்ரைக் எடுக்க வேண்டும், அது ஓவரின் கடைசிப் பந்தாக இல்லாவிட்டால். ஏற்கெனவே நிலைத்து ஆடும் (செட்டான) பேட்டர் எதிர்முனையில்தான் நிற்பார். மூன்று பந்தில் எட்டு வேண்டும் என்னும்போது ஆட்டமே அதில்தான் தொங்குகிறது. தம்பி தப்பாகச் சொல்லிவிட்டார்.

#16 | மஞ்சூர் மிட்விக்கெட்

அம்பயர் சார், நம்ம பக்கம் நிறைய போட்டியில இன்னும் பழைய விதிதான். கிராஸ் பண்ணா செட் பேட்டர்தான் ஆடுவார். தம்பி அந்த மைதானத்துக்குச் சரியாத்தான் சொல்லியிருப்பார்.

#17 | அம்பயர் 2240

இருக்கலாம். அப்படியானால் டாஸுக்கு முன் அமைப்பாளரிடம் விதித்தாளை வாங்கி நான்கு கேள்வியைக் கேட்டு எழுதிக்கொள்ளட்டும். கிராஸ் விதி எது, வைடு கோடு எங்கே, தேயிலைச் செடிக்குள் பந்து போனால் எத்தனை ரன், மூடுபனியில் ஆட்டம் நின்றால் முடிவு எப்படி. அந்தத் தாள் மைக்குக்குப் பக்கத்தில் இருக்கட்டும். மாதிரிப் பதிவாக வெளியே அனுப்பும்போது மட்டும் இந்தத் துண்டு வேண்டாம். கேட்பவருக்கு உள்ளூர் விதி தெரியாது, விதி தெரியாத பையன் என்றுதான் எடுத்துக்கொள்வார்.

#18 | கோத்தகிரி லாங்ஆன்

சரிங்க சார். வேற ஓவரை எடுக்கச் சொல்றேன். ஒண்ணுமே நடக்காத ஓவரா பார்த்து.